தடையாணையை மீறியதாக 25,000 ரூபாய் அபராதம்: மேல்முறையீடு எங்கே போடுவது?

தோட்டக்காரன்:
வணக்கம். பக்கத்துத் தோட்டத்தாருடன் வண்டிப்பாதைத் தகராறு. அவர்கள் முன்சீப் கோர்ட்டில் இடைக்காலத் தடை வாங்கினார்கள். அதற்கப்புறம் அப்பா பாதையோரம் ஏழு கல்தூண் நட்டு முள்கம்பி இழுத்துவிட்டார். அவர்கள் மனு போட, "ஒரு மாதத்துக்குள் 25,000 அபராதம், தவறினால் 15 நாள் சிவில் சிறை" என்று உத்தரவாகிவிட்டது. 11 நாள் ஓடிவிட்டது. என்ன செய்வது?

சட்டப்பித்தன்:
கோர்ட் அவமதிப்பு என்றால் பிரிவு 19. ஹைகோர்ட் டிவிஷன் பெஞ்சுக்குப் போங்கள்.

பழைய குமாஸ்தா:
அவசரப்படாதீர்கள். பிரிவு 19 என்பது 1971 அவமதிப்புச் சட்டம். ஹைகோர்ட்டே தண்டித்தால்தான் அது. அதிலும் அபராத உச்சவரம்பு 2,000 ரூபாய்தான். தம்பி, உத்தரவில் எந்த விதி போட்டிருக்கிறது? அசல் வழக்கு இன்னும் நடக்கிறதா?

தோட்டக்காரன்:
சிவில் நடைமுறைச் சட்டம், ஆணை 39 விதி 2ஏ. வழக்கு நடக்கிறது, ஐயா.

பழைய குமாஸ்தா:
நல்லது. டிகிரி, அதாவது இறுதித் தீர்ப்பாணை, ஆகியிருந்தால் ஆணை 21 விதி 32 என்று வேறு பாதை.

2ஏ விதியை ஒருமுறை வாசித்துப் பாருங்கள். சொத்தை ஜப்தி செய்யலாம், மூன்று மாதம் வரை சிவில் சிறையில் வைக்கலாம், அவ்வளவுதான். அபராதம் என்ற சொல்லே அதில் கிடையாது. எதிராளிக்கு இழப்பீடு என்று வருவதுகூட, ஜப்தி ஓராண்டு முடிந்தும் மீறல் நீடித்து, சொத்தை விற்ற பணத்திலிருந்துதான். மேல்முறையீட்டில் உங்கள் முதல் காரணம் இதுதான்.

2ஏ உத்தரவுக்கு ஆணை 43 விதி 1(ஆர்)-இல் மேல்முறையீடு உண்டு. சி.எம்.ஏ. (சிவில் மிசலேனியஸ் அப்பீல்) என்று போடுவார்கள், முன்சீப் உத்தரவென்றால் பெரும்பாலும் சப் கோர்ட்டில். கெடு 30 நாள். சான்றிட்ட நகல் வாங்க ஆகும் நாள் கெடுவில் சேராது, அதனால் காப்பி மனுவை இன்றே போடுங்கள். கூடவே அபராத உத்தரவை நிறுத்திவைக்கக் கேட்டுத் தடை மனுவும் வேண்டும். மேல்முறையீடு போட்டதாலேயே உத்தரவு நின்றுவிடாது.

தோட்டக்காரன்:
தடை உத்தரவு கைக்கு வரவே இல்லை என்று சொல்லலாம் என்கிறார் எங்கள் சித்தப்பா.

பழைய குமாஸ்தா:
உத்தரவைக் கொண்டுவரும் கோர்ட் அமீனா வரவே இல்லையா?

தோட்டக்காரன்:
வந்தார். அப்பா வாங்க மறுத்ததால் கேட்டில் ஒட்டிவிட்டுப் போனார். அப்பா அதைக் கிழித்துவிட்டார். பாதித் தாள் இன்னும் பசையோடு கேட்டில்தான் இருக்கிறது.

பழைய குமாஸ்தா:
அப்போ அந்த வாதத்தைத் தொடாதீர்கள். வேண்டுமென்றே மீறியிருந்தால்தான் தண்டனை என்பது சரி. 2019-இல் மாம்பள்ளி பேக்கரி வழக்கில் உச்ச நீதிமன்றம் அதைத்தான் சொன்னது. ஆனால் கிழித்த தாள் உங்களுக்கு எதிராகவே பேசும்.

வக்கீல் வீட்டுப் பையன்:
"தடையே தப்பாகக் கொடுத்தது" என்ற வாதமும் இங்கே எடுபடாது. 1997 தயாப்பாய் வழக்கு: ரத்தாகும் வரை உத்தரவுக்குக் கீழ்ப்படிந்தே ஆக வேண்டும். தடையை எதிர்ப்பதென்றால் தனி மனு. என்னைக் கேட்டால் தூண்களை முதலில் பிடுங்குங்கள். பிடுங்கியபின் படமெடுத்து, மன்னிப்புடன் பிரமாணப் பத்திரம் போடுங்கள்.

தோட்டக்காரன்:
காப்பி மனு போட்டாச்சு. ஐந்து தூண் எடுத்தாயிற்று, மீதி இரண்டுக்கு அடியில் சிமெண்ட். நாளை கடப்பாரையோடு ஆள் வருகிறது. அப்பா மூன்று நாளாக என்னோடு பேசவில்லை.