விரல் காயத்துக்கு ஐசிடி கோடு: வலது இடது மாறி விழுகிறது, உதவி தேவை

மண்டபம்_பயிற்சி:
அமெரிக்க சார்ட்டுகளுக்கான (நோயாளிக் குறிப்புகளுக்கான) ஐசிடி-10-சிஎம், அதாவது நோய்க்கும் காயத்துக்கும் கோடு போடும் அமெரிக்கப் பட்டியல், படிக்கிறேன். காயங்கள் அத்தியாயத்துக்கு நம்ம கரையில் தினமும் பார்க்கிற விரல் காயங்களையே மாதிரிக் குறிப்பாக எழுதி, கோடு போட்டுப் பார்த்தேன். ஐந்தும் தப்பு என்று திரும்பி வந்துவிட்டது. காரணம் எழுதவில்லை.

1. மீன் அரியும்போது அரிவாள்மனை பட்டு வலது ஆள்காட்டி விரலில் 2 செ.மீ. வெட்டு, தையல் போட்டாச்சு, நகத்துக்கு ஒன்றுமில்லை. நான் போட்டது எஸ்61.211ஏ.
2. பாசி எடுக்கும்போது பாறையில் உரசி இடது கட்டைவிரலில் சிராய்ப்பு. எஸ்60.419ஏ.
3. கெளுத்தி முள் இடது மோதிர விரலில் ஏறி, நுனி உள்ளேயே ஒடிந்துவிட்டது. எஸ்61.235ஏ.
4. ஐஸ் பெட்டி மூடி விழுந்து வலது நடுவிரல் நகத்துக்கடியில் ரத்தக்கட்டு, தோல் கிழியவில்லை. எஸ்61.312ஏ.
5. முதல் ஆளுக்குப் பத்தாம் நாள் தையல் பிரிப்பு. இசட்48.02.

எங்கே சறுக்குகிறேன்?

உச்சிப்புளி_கோடர்:
தங்கச்சி, உங்கள் தப்புகளில் பாதிக்கு ஒரே வேர். எஸ்60 (மேலோட்டமான காயம்), எஸ்61 (திறந்த காயம்) என்ற இந்த இரண்டு தொகுதிக்குள் எண் வரிசை மூன்று விதமாக ஓடுகிறது. ஒன்றை மனப்பாடம் பண்ணி மற்றதில் பொருத்தினால் கை மாறிவிடும்.

முதல் வரிசை, கட்டைவிரல் தவிர மற்ற நான்கு விரல்களின் திறந்த காயத்துக்கும் சிராய்ப்புக்கும். ஆறாவது இடத்தில் 0 வலது ஆள்காட்டி, 1 இடது ஆள்காட்டி, 2 வலது நடு, 3 இடது நடு, 4 வலது மோதிரம், 5 இடது மோதிரம், 6 வலது சுண்டு, 7 இடது சுண்டு. இரட்டைப்படை வலது, ஒற்றைப்படை இடது. 8 'வேறு விரல்', 9 'எந்த விரல் என்று குறிப்பிடவில்லை'.

இரண்டாவது, கட்டைவிரல். இங்கே 1 வலது, 2 இடது, 9 குறிப்பிடவில்லை. ஐசிடி-10-சிஎம் கட்டைவிரலை மற்ற விரல்களோடு சேர்ப்பதே இல்லை. திறந்த காயம் என்றால் எஸ்61.0, எஸ்61.1 இரண்டும் கட்டைவிரலுக்கு, எஸ்61.2, எஸ்61.3 மற்ற விரல்களுக்கு.

மூன்றாவது, அடிபட்டுக் கன்றிப்போன ரத்தக்கட்டு. எஸ்60.0 நகம் நன்றாக இருந்தால், எஸ்60.1 நகம் பாதித்தால். இங்கே விரல் எது என்பது ஐந்தாம் இடத்துக்கு ஏறிவிடும்: 1 கட்டை, 2 ஆள்காட்டி, 3 நடு, 4 மோதிரம், 5 சுண்டு. ஆறாவது இடம் பக்கத்தை மட்டும் சொல்லும், 1 வலது, 2 இடது.

இப்போது உங்கள் கணக்கு. முதலாவது எஸ்61.210ஏ. நீங்கள் கட்டைவிரல் பழக்கத்தில் 1 என்றால் வலது என்று போட்டு இடது கைக்குத் தள்ளிவிட்டீர்கள். இரண்டாவது எஸ்60.312ஏ. நான்காவதில் தோல் கிழியாததால் எஸ்61 பக்கமே போகக்கூடாது, எஸ்60.131ஏ. ஆனால் மருத்துவர் 'நசுங்கிய காயம்' என்று எழுதியிருந்தால் எஸ்67.192ஏ. எக்ஸ்ரே அறிக்கையையும் பாருங்கள். விரல் நுனி எலும்பு முறிந்து, அதற்கு மேலேயே தோலும் கிழிந்திருந்தால் அது திறந்த எலும்பு முறிவு, எஸ்62க்குப் போய்விடும். அந்தக் காயத்துக்குத் தனியாக எஸ்61 சேர்க்கக்கூடாது.

இன்னொன்று: ஒரே இடத்தில் வெட்டும் சிராய்ப்பும் இருந்தால் வெட்டுக்கு மட்டும்தான் கோடு. பாசிப் பாறையில் விழுந்த கைக்கு இரண்டும் சேர்ந்தே வரும், கவனம்.

தொண்டி_முள்:
மூன்றாவதை நான் எடுத்துக்கொள்கிறேன். ஐந்தாம் இடம் காயத்தின் வகை: 0 குறிப்பிடாதது, 1 வெட்டு, 2 உள்ளே பொருள் தங்கிய வெட்டு, 3 குத்து, 4 உள்ளே பொருள் தங்கிய குத்து, 5 கடி. முள் நுனி உள்ளே நின்றுவிட்டதால் 3 இல்லை, 4. ஆக எஸ்61.245ஏ. விரலை நீங்கள் சரியாகத்தான் பிடித்திருக்கிறீர்கள்.

மரச் சிலாம்பு மாதிரி மேல்தோலில் மட்டும் ஏறி, திறந்த காயம் இல்லையென்றால் எஸ்60.45 வரிசை. ஆழம் எழுதாத குறிப்பை ஊகித்துப் போடாதீர்கள்.

கெளுத்திக்கு விஷ முள் என்பது நம்ம ஊரில் பிள்ளைக்கும் தெரியும். ஆனாலும் மருத்துவர் 'விஷம் ஏறியது' என்று எழுதாமல் கோடர் டி63 (இந்த டி ஆங்கில T, விஷத்துக்கான கோடு) போட முடியாது, கேட்டு வாங்க வேண்டும். எழுதியிருந்தால் டி63.591ஏ முதலில், அதன் பிறகு எஸ்61.245ஏ. திருக்கை என்றால் டி63.511ஏ. இந்தக் கோடுகளுக்குள்ளேயே காரணமும் 'தற்செயல்' என்பதும் அடங்கிவிடுவதால் தனியாகக் காரணக் கோடு வேண்டாம். குறிப்பாக டபிள்யூ56 சேர்க்காதீர்கள், அது விஷமில்லாத கடல் உயிரிகளுக்கு. நண்டு கொடுக்கு கிழித்த விரலுக்கு டபிள்யூ56.89எக்ஸ்ஏ பொருந்தும், அரிவாள்மனைக்கு டபிள்யூ26.0எக்ஸ்எக்ஸ்ஏ (எக்ஸ் காலி இடத்தை நிரப்ப மட்டும்).

மீன் தொடுகிற கைகளில் சில நாள் கழித்து விரல் ஊதா கலந்த சிவப்பாக, ஓரம் தெளிவாகத் தெரிய வீங்கும். மருத்துவர் எரிசிபெலாய்டு என்று எழுதினால் ஏ26.0. வெறும் செல்லுலைட்டிஸ் (தோலடித் தொற்று) என்றால் வலது விரல் எல்03.011, இடது எல்03.012. காயக் கோட்டை எடுத்துவிடாதீர்கள், தொற்றையும் சேர்த்துப் போடுங்கள் என்றுதான் எஸ்61க்குக் கீழேயே சொல்லியிருக்கிறது.

உச்சிப்புளி_கோடர்:
ஐந்தாவது விட்டுப்போச்சு. காயத்துக்குப் பின்கவனிப்பு இசட் கோடு கிடையாது. அதே காயக் கோடு, ஏழாவது எழுத்து மட்டும் மாறும்: எஸ்61.210டி (இந்த டி ஆங்கில D). ஏ என்பது 'முதல் வருகை' என்று பலர் நினைக்கிறார்கள். அது சிகிச்சை நடந்துகொண்டிருக்கும் கட்டம். இரண்டாவது மருத்துவர் புதிதாகத் தையல் போட்டாலும் ஏதான். ஆறி வருவதைப் பார்க்க வந்தால் டி. ஆறிய பின் தழும்பால் விரல் மடங்கவில்லை என்று வந்தால் எஸ்.

முள்ளை இடுக்கியால் சும்மா இழுத்திருந்தால் சிபிடி (செய்த சிகிச்சைக்கான கோடு) 10120 வராது, கீறி எடுத்திருக்க வேண்டும். 2 செ.மீ. எளிய தையல் 12001க்குள் அடங்கும், அது 2.5 செ.மீ. வரை.

ராமநாதபுரம்_பதிவேடு:
இங்கே மருத்துவமனைப் பதிவேட்டுக்கு இதே கோடுகளைக் கொண்டுவந்துவிடாதீர்கள் என்று சொல்லவே எழுதுகிறேன். நாம் பயன்படுத்துவது உலக சுகாதார நிறுவனத்தின் ஐசிடி-10. அதில் எஸ்61.0 என்றால் நகம் பாதிக்காத விரல் காயம், எல்லா விரலுக்கும். எஸ்61.1 நகம் பாதித்தது. வலது இடது கிடையாது, ஏழாவது எழுத்தும் கிடையாது. அமெரிக்கப் பதிப்பில் அதே எஸ்61.0 கட்டைவிரல். எண் ஒன்று, பொருள் வேறு. தடுப்பூசிக்கும் அப்படித்தான்: டெட்டனஸ் மட்டும் என்றால் நம்மிடம் இசட்23.5, அங்கே எல்லாத் தடுப்பூசிக்கும் இசட்23.

மண்டபம்_பயிற்சி:
அண்ணே, அக்கா, ரொம்ப நன்றி. எண் வரிசை மூன்று என்பது தெரியாமல்தான் சுற்றியிருக்கிறேன். ஒரே ஒரு சந்தேகம். குறிப்பில் 'மூன்றாவது விரல்' என்று மட்டும் இருந்தால் நடுவிரலா, மோதிர விரலா?

உச்சிப்புளி_கோடர்:
கட்டைவிரலையும் சேர்த்து எண்ணினால் நடுவிரல், விட்டுவிட்டு எண்ணினால் மோதிர விரல். சிகிச்சைக் கோட்டோடு சேர்க்கும் விரல் மாடிஃபையர்கள் (எந்த விரல் என்று சொல்லும் குறிகள்) கட்டைவிரலில் தொடங்கி எண்ணுகின்றன: வலது கட்டைவிரல் எஃப்5, வலது நடுவிரல் எஃப்7. நகத்தடி ரத்தத்தை வடித்தால் போடும் 11740க்கு உங்கள் நான்காவது ஆளுக்கு எஃப்7 வரும். ஆனால் குறிப்பு எழுதியவர் எப்படி எண்ணினார் என்பது உங்களுக்குத் தெரியாது. அதே சார்ட்டில் எக்ஸ்ரே அறிக்கையிலோ செய்முறைக் குறிப்பிலோ விரலின் பெயர் இருக்கிறதா பாருங்கள். இல்லையென்றால் கேட்டு எழுதச் சொல்லுங்கள். பதில் வரும்வரை சார்ட்டை நிறுத்தி வையுங்கள், 9 போட்டு அனுப்பிவிடாதீர்கள்.