அலியெனோர்: ‘மற்றொரு ஆயெனோர்’ என்பது பெயரின் மூலமா, பின்னால் புனைந்த விளக்கமா?

வேனில்மகள்:
அனைவருக்கும் வணக்கம். நான் பிரான்சில் பொர்தோ நகரில் வசிக்கிறேன். என் மகளின் வகுப்பில் அலியெனோர் என்றொரு சிறுமி படிக்கிறாள். இங்கே பழைய வரலாற்றை நினைவூட்டும் பெயராக இது மதிக்கப்படுகிறதே தவிர, வீட்டுக்கு வீடு வழங்கும் பெயர் அன்று. ஒவ்வொரு பிள்ளையும் தன் பெயரின் பொருளை ஓர் அட்டையில் எழுதிச் சுவரில் ஒட்ட வேண்டும் என்று ஆசிரியை சொல்லியிருக்கிறார். அந்தச் சிறுமி ஊதா மையில், எழுத்துக்கு எழுத்து இடம்விட்டு, ‘கடவுளே என் ஒளி’ என்று எழுதியிருக்கிறாள். குழந்தைப் பெயர்க் கையேடு ஒன்றில் அப்படித்தான் இருந்ததாம்.

நான் படித்தது வேறு. 1120களின் தொடக்கத்தில் பிறந்து, முதலில் பிரான்சுக்கும் பின்னர் இங்கிலாந்துக்கும் அரசியாக இருந்த, தென்மேற்குப் பிரான்சின் அக்கித்தேன் நாட்டு அலியெனோரின் தாய் பெயர் ஆயெனோர். தாயின் பெயரையே மகளுக்கும் வைத்து, இருவரையும் வேறுபடுத்துவதற்காக ‘அலியா ஆயெனோர்’, அதாவது ‘மற்றொரு ஆயெனோர்’ என்று இலத்தீனில் அழைத்தார்கள் என்றும், அதுவே அலியெனோர் என்று திரிந்தது என்றும் பல நூல்கள் சொல்கின்றன. அட்டைகளைச் சரிபார்க்கும் பொறுப்பு பெற்றோரில் என்னிடம் வந்திருக்கிறது. எதை எழுதச் சொல்வது சரி?

மாறன்:
நீங்கள் படித்ததே சரி என்பது என் கருத்து, அம்மா. அதற்கு அந்தக் குடும்பத்தின் வழக்கமே சான்று. அலியெனோரின் தாய்வழிப் பாட்டி தாங்கெரோசா. கணவரான ஷாத்தெல்லெரோ சிற்றரசரை விட்டுவிட்டு, த்ரூபதூர் என்னும் பாடகர் மரபின் முதல் கவியாகப் போற்றப்படும் அக்கித்தேன் பிரபு ஒன்பதாம் கீயோமுடன் புவாத்தியே அரண்மனையில் வந்து வாழ்ந்தவர் அவர். அவர் தங்கிய கோபுரத்தின் பெயர் மொபெர்ஜோன்; அதனால் ஊரார் அவரையே ‘மொபெர்ஜோன்’ என்று அழைத்தார்கள். அவருடைய மகள் ஆயெனோரைத்தான் கீயோமின் மகன் மணந்தார். அவர்களுக்குப் பிறந்த மூத்த மகள் அலியெனோர். இளைய மகள் பெத்ரோனில்லுக்கும் ஆயெலிஸ் என்று இன்னொரு பெயர் இருந்தது. பாட்டிக்கும் பேத்திக்கும் இரண்டு பெயர்கள் புழங்கிய வீட்டில், தாய்க்கும் மகளுக்கும் ஒரே பெயர் அமைந்தபோது மகளைப் பிரித்துச் சொல்ல ஓர் அடைமொழி பிறந்தது என்பதில் வியப்பதற்கு ஒன்றும் இல்லை.

ஒளி என்ற விளக்கத்தைப் பற்றி அதிகம் பேசத் தேவையில்லை. எபிரேயத்தின் ‘ஏல்’ என்ற சொல்லையும் அரபியின் ‘நூர்’ என்ற சொல்லையும் அடுத்தடுத்து வைத்து ஒட்டியிருக்கிறார்கள். புவாத்தியே நகரைச் சூழ்ந்த புவாத்தூ நாட்டுக் கிறிஸ்தவப் பிரபு குடும்பம் தன் மகளுக்குப் பெயர் வைக்க அந்த இரண்டு மொழிகளையும் நாடியது என்பதற்கு எந்த அடிப்படையும் இல்லை.

கல்வெட்டுப்பித்தன்:
ஒளி விளக்கத்தைத் தள்ளுவதில் மாறன் ஐயாவோடு முழுமையாக உடன்படுகிறேன். ஆனால் அதைத் தள்ளுகிற அதே அளவுகோலால் ‘மற்றொரு ஆயெனோர்’ என்ற விளக்கத்தையும் அளக்க வேண்டும் என்பதே என் வாதம்.

முதல் தடை மொழி. தொட்டிலில் கிடக்கும் குழந்தையை இலத்தீனில் அழைத்தவர் யார்? புவாத்தியேயிலும் பொர்தோவிலும் 12ஆம் நூற்றாண்டில் மக்கள் பேசியவை இலத்தீனிலிருந்து கிளைத்த வட்டார மொழிகள். அவற்றில் ‘மற்ற’ என்பதற்கு வழங்கிய சொல், ‘அல்தெரா’ என்ற இலத்தீன் சொல்லின் வழிவந்த ‘அவுத்ரா’ போன்றதே. ‘அலியா’ என்ற பெண்பால் வடிவம் பேச்சில் நிலைக்கவில்லை. வீட்டில் பிறந்த செல்லப்பெயர் என்றால் அது ‘அவுத்ரா ஆயெனோர்’ என்றல்லவா இருந்திருக்க வேண்டும்? இலத்தீனிலேயே பெயரிட்டார்கள் என்று வைத்துக்கொண்டாலும், இருவருள் மற்றவரைக் குறிக்கச் செம்மையான இலத்தீன் ‘அல்தெரா’ என்றுதான் சொல்லும். ‘அலியா’ என்பது பலருள் வேறொருத்தியைக் குறிப்பது.

இரண்டாவது தடை, இந்த வகை விளக்கம் பிறக்கும் விதம். சொல்லை இரண்டாகப் பிளந்து பொருள் காண்பது ஐரோப்பிய இடைக்காலக் கல்வியின் ஊறிய பழக்கம். செவில் நகரப் பேராயர் இசிதோர் 7ஆம் நூற்றாண்டில் எழுதிய சொற்பிறப்புக் களஞ்சியத்தில், நண்பன் என்று பொருள்படும் ‘அமீகுஸ்’ என்ற சொல்லை ‘அனிமி குஸ்தோஸ்’, அதாவது உள்ளத்தின் காவலன் என்று பிரித்துக் காட்டுகிறார். கேட்க இனிக்கிறது; ஆனால் ‘அமீகுஸ்’ பிறந்தது ‘நேசி’ என்ற வினையிலிருந்து. அலியெனோரை ‘அலியா’ என்றும் ‘ஆயெனோர்’ என்றும் பிளப்பது அச்சு அசலாக இதே முறைதான். ஒலி ஒற்றுமை எவ்வளவு எளிதில் ஏமாற்றும் என்பதற்குத் தமிழிலேயே ஒன்று சொல்கிறேன். அந்தத் தாயின் பெயரைச் சிலர் ‘ஏனோர்’ என்று எழுதுகிறார்கள். தமிழில் ஏனோர் என்றாலே மற்றவர் என்றுதான் பொருள். அதை வைத்துக்கொண்டு நாளை ஒருவர் இந்தப் பெயர் தமிழிலிருந்து போனது என்று எழுதினால் ஏற்போமா?

அலியெனோரும் ஆயெனோரும் ஒரே குடும்பத்துப் பெயர்களாகவோ, ஒரே பெயரின் இருவேறு ஒலிப்புகளாகவோ இருந்திருக்கலாம். இலத்தீன் ஆவணங்களில் ‘அலியெனோர்டிஸ்’ என்ற நீண்ட வடிவமும் வருகிறது. அக்காலத்துப் பிரபு குலப் பெயர்களில் பெரும்பாலானவை ஜெர்மானிய வழி வந்தவை. கீயோமும் அப்படிப்பட்ட பெயர்தான். அந்தத் திசையில் தேடுவதே முறை.

மாறன்:
தொட்டில் வாதம் வலுவானது, மறுக்கவில்லை. ஆனால் இருவரையும் பிரித்துக் காட்டும் கட்டாயம் யாருக்கு அதிகம் இருந்தது என்று பாருங்கள். வீட்டில் உள்ளவர்களுக்கு முகத்தைப் பார்த்தாலே தெரியும். ஒரே பெயருடைய இருவரைத் தோல் ஏட்டில் எழுதியாக வேண்டியவர் எழுத்தர், அவர் மதகுரு, அவர் கையாண்டது இலத்தீன். அடைமொழி ஏட்டில் பிறந்து வீட்டுக்குள் வந்திருக்கலாம். எழுத்தர்கள் ‘அல்தெரா’வையும் ‘அலியா’வையும் இலக்கண நூல் வகுத்தபடி பிரித்தே ஆண்டார்கள் என்று எதிர்பார்ப்பதும் மிகை.

இன்னொரு சான்று பாரிசில், லூவ்ர் அருங்காட்சியகத்திலேயே இருக்கிறது. அலியெனோரின் கைக்கு வந்து சென்ற பொருள்களில் இன்று எஞ்சியிருப்பதாக அறியப்படுவது ஒரு பளிங்குக் கலம் மட்டுமே. அதில் அவருடைய பெயர் அலியெனோர் என்று இல்லை. ‘ஆனோர்’ என்று இருக்கிறது. அவருடைய உண்மையான பெயர் தாயின் பெயரே என்பதற்கு இதைவிட என்ன வேண்டும்?

பாரிஸ் வழிப்போக்கன்:
அந்தக் கலத்தைக் கண்ணாடிப் பேழைக்கு முகம் ஒட்டும் தொலைவில் நின்று பார்த்திருக்கிறேன். பேரிக்காய் வடிவம், உடல் முழுவதும் தேன்கூட்டின் அறைகள் போலச் செதுக்கியிருக்கிறார்கள், ஒவ்வொரு அறையிலும் ஒளி தனித்தனியாகத் தங்கி நிற்கிறது. கழுத்தும் அடித்தண்டும் மணிகள் பதித்த உலோக வேலைப்பாடு. பளிங்கு மிகப் பழையது, கீழை நாட்டு வேலை. உலோக வேலையை 12ஆம் நூற்றாண்டில் சேர்த்தவர் சேன் தெனி மடத்தின் தலைவர் சூஜெர்.

அடியில் ஓடும் இலத்தீன் வரிகளின் பொருள் இது: ‘இக்கலத்தை மணமகள் ஆனோர் அரசன் லூயிக்குத் தந்தாள், மிதாதோலுஸ் அவள் பாட்டனுக்குத் தந்தான், அரசன் எனக்குத் தந்தான், சூஜெர் புனிதர்களுக்குத் தந்தேன்.’ மிதாதோலுஸ் என்பவர் சரகோசாவை ஆண்ட கடைசி முஸ்லிம் மன்னர் மரபைச் சேர்ந்த இமாத் அல்தவ்லா என்று ஆய்வாளர்கள் அடையாளம் கண்டிருக்கிறார்கள். அவரும், அந்தப் பாட்டனான கீயோமும் 1120இல் ஸ்பெயினில் நடந்த குத்தாந்தா போரில் ஒரே அணியில் நின்றவர்கள். நான்கு கைகள் மாறிய ஒரு பொருளின் கதையை இரண்டே வரியில் சொல்லிவிட்ட அந்த மடத்தலைவரை அன்று மனத்துக்குள் வணங்கினேன்.

சீர்பிரிப்போன்:
வழிப்போக்கன் ஐயா தந்த அந்த வரிகள் உரைநடை அல்ல, செய்யுள் என்பதை இருதரப்பாரும் கவனிக்கவில்லை. முதல் அடியை இலத்தீன் ஒலியிலேயே சீர் பிரித்துப் பாருங்கள்: ஹோக் வாஸ் / ஸ்போன்ஸ தெ / தித் ஆ / னோர் ரே / கீ லுதொ / வீகோ. ஆறு சீர். ஹோமரும் விர்ஜிலும் காப்பியம் பாடிய அதே அறுசீர் அடி. இதில் ‘ஆனோர்’ இருக்கும் இடத்தில் இரண்டு நெட்டசைகளுக்கு மட்டுமே இடம் உண்டு. ‘அலியெனோர்’ என்று வைத்தால் அடி உடைந்துவிடும். ‘ஆயெனோர்’ என்று மூன்று அசையாக வைத்தாலும் உடையும். செய்யுளுக்காகச் சொல்லைக் குறுக்குவதை நம் இலக்கணத்தார் தொகுத்தல் விகாரம் என்பார்கள்; அதைத்தான் சூஜெர் செய்திருக்கிறார். எனவே பெயரின் முழு வடிவம் எது என்பதற்கு இந்தக் கலம் இரு பக்கமும் சாட்சி சொல்லாது.

மாறன்:
மிக்க நன்றி, ஐயா. இது எனக்குத் தோன்றவில்லை. கலம் என் கட்சியை நிலைநாட்டிவிடுகிறது என்று சொன்னதைத் திரும்பப் பெறுகிறேன். ஆயினும் ஒன்று கேட்கிறேன். பெயர் அடிக்குள் அடங்கவில்லை என்றால் அடியை மாற்றிக் கட்டச் சூஜெருக்குத் தெரியாதா? வாழும் அரசியின் பெயரைக் குறைக்க நேர்ந்தபோது அவர் விட்டுவிட்டது ‘அலி’ என்ற முன்பகுதியை. வைத்துக்கொண்டது தாயின் பெயரை ஒத்த பகுதியை. பெயரின் உயிர் எங்கே இருக்கிறது என்று அவருக்குத் தெரிந்திருந்தது என்பதாகவே இதை நான் படிக்கிறேன்.

கல்வெட்டுப்பித்தன்:
அப்படியும் படிக்கலாம்; இரண்டும் ஒரே பெயர் என்று அக்காலத்தார் கருதினார்கள் என்றும் படிக்கலாம். இரண்டாவதே எனக்கு இயல்பாகத் தோன்றுகிறது.

காலத்தையும் பாருங்கள். தாய் ஆயெனோர் 1130இல் இறந்துவிட்டார். அப்போது மகளுக்கு ஆறு முதல் எட்டு வயது. பிரித்துச் சொல்ல மட்டுமே பிறந்த அடைமொழி என்றால், பிரிக்க வேண்டிய மற்றவர் இல்லாத பிறகும் அது ஏன் எழுபது ஆண்டுகளுக்கு மேல் நீடித்தது? 1137இல் ஏழாம் லூயியை மணந்தபோதும், 1152இல் அந்த மணம் நீக்கப்பட்டு இரண்டே மாதங்களுக்குள், பின்னாளில் இங்கிலாந்து மன்னரான ஹென்றி பிளான்டாஜெனேயை மணந்தபோதும், 1204இல் மறைந்து ஃபோந்தெவ்ரோ மடத்தில் அடக்கம் செய்யப்பட்டபோதும் அவர் அலியெனோரே. மேலும், 1160களின் தொடக்கத்தில் பிறந்த தம் மகளுக்கும் அவர் அலியெனோர் என்றே பெயரிட்டார். அந்த மகளை யாரும் ‘மற்றொரு அலியெனோர்’ என்று அழைக்கவில்லை. தாய்க்கும் மகளுக்கும் ஒரே பெயர் இருப்பதை அந்தச் சமூகம் ஒரு சிக்கலாகவே கருதவில்லை என்பது இதனால் விளங்கும்.

அவருக்கு நூறாண்டுக்கு முன் ஃபிளாண்டர்ஸ் பிரபு நான்காம் பால்துவினின் மனைவியாக இருந்த நார்மண்டி இளவரசியையும் வம்சாவளிகள் எலியெனோர் என்றே குறிக்கின்றன. இதை மட்டும் வைத்து நான் வாதிட மாட்டேன். வம்சாவளி எழுதுவோர் பழைய பெயர்களைத் தம் காலத்து வடிவத்துக்கு மாற்றிவிடுவது உண்டு.

மாறன்:
செல்லப்பெயர்கள் காரணம் தீர்ந்ததும் உதிர்வதில்லை, ஐயா. தாங்கெரோசா இறந்த பின்னும், அவர் வாழ்ந்த கோபுரத்தின் பெயரே அவர் பெயராக வரலாற்றில் நிற்கிறது. ஆறேழு வயதில் தாயை இழந்த பெண், தாயின் பெயரைத் தாங்கிய தன் பெயரை விடாமல் வைத்திருந்தாள் என்பதில் எனக்கு எந்த முரணும் தெரியவில்லை. தன் மகளுக்கும் அதையே இட்டது, அந்தச் சொல் அதற்குள் முழுப் பெயராகிவிட்டது என்பதைத்தான் காட்டுகிறது. அந்த மகள் காஸ்தீல் மன்னர் எட்டாம் அல்போன்சோவை மணந்து போன பிறகுதான் அது ஸ்பானியத்தில் லியோனோர் ஆயிற்று. 2005இல் பிறந்த இன்றைய ஸ்பெயின் பட்டத்து இளவரசியின் பெயரும் அதுவே.

மூலம் பற்றிய உங்கள் ஐயத்தில் நியாயம் உண்டு. ‘மற்றொரு ஆயெனோர்’ என்பதை முடிந்த முடிபாக இனி நான் எழுத மாட்டேன். ஆனால் தாய்க்கும் மகளுக்கும் இடையே அந்தப் பெயரில் ஓர் உறவு ஒலிக்கிறது என்பதை விட்டுக்கொடுக்கவும் மாட்டேன்.

கல்வெட்டுப்பித்தன்:
உறவு ஒலிக்கிறது என்பதில் நமக்குள் வேறுபாடே இல்லை. ‘அலியா’ என்ற ஒட்டு ஒன்றுதான் என் தொண்டையில் இறங்க மறுக்கிறது.

வேனில்மகள்:
இருவருக்கும், சீர் பிரித்துக் காட்டியவருக்கும், கலத்தைக் கண்முன் நிறுத்தியவருக்கும் என் நன்றி. பெயர் ஏன் அரிதாயிற்று என்று சிறுமியின் தாயிடம் பேசியபோது ஒரு செய்தி சொன்னார். 1803ஆம் ஆண்டுச் சட்டப்படி, நாட்காட்டியில் உள்ள புனிதர்களின் பெயர்களும் பண்டைய வரலாற்றில் அறியப்பட்டவர்களின் பெயர்களும் மட்டுமே பதிவுக்கு ஏற்றவையாக இருந்தன. 1993இல் வந்த சட்டம்தான் பெயரைத் தேர்ந்தெடுக்கும் உரிமையைப் பெற்றோருக்குத் தந்தது. புனிதரும் அல்லாத, பண்டைக் காலத்தவரும் அல்லாத ஓர் இடைக்கால அரசியின் பெயரை மறுக்க, நெடுங்காலம் பதிவு அதிகாரிக்கு இடம் இருந்திருக்கிறது.

இன்று மாலை புதிய அட்டை எழுதினோம். ‘அக்கித்தேன் நாட்டு அரசியின் பெயர், அவருடைய அம்மாவின் பெயர் ஆயெனோர், இரண்டும் உறவுள்ள பெயர்கள், மற்றொரு ஆயெனோர் என்று பொருள் சொல்வோரும் உண்டு’ என்று எழுதச் சொன்னேன். இடம் போதாமல் கடைசி வரி அட்டையின் ஓரத்தில் மேல்நோக்கி வளைந்துவிட்டது. சிறுமி முழுதும் படித்துப் பார்த்துவிட்டு, அந்த அம்மாவின் அம்மா பெயர் என்ன என்று கேட்டாள். தாங்கெரோசா என்றேன். அதையும் எழுத வேண்டும் என்று இன்னோர் அட்டை வாங்கிக்கொண்டாள்.