மறுமொழி: கவலையீன இறுபொறுப்பு (சரக்கு விடுவிப்பு ஒப்பந்தங்களுக்கு)

அன்புள்ள குழுவினருக்கு, வணக்கம்.

துறைமுகத்திலிருந்து சரக்கை எடுத்துத்தரும் முகவர்களின் ஒப்பந்தங்களில் வரும் 'negligence liability' என்பதற்குத் தமிழ்ச் சொல் தேடுகிறோம். சென்னை நண்பர் முன்மொழிந்த 'அலட்சியப் பொறுப்பு' எனக்கு இரண்டு பாதியிலும் ஒட்டவில்லை.

'அலட்சியம்' ஆளின் மனப்போக்கைச் சொல்லும் சொல். சட்டம் பார்ப்பது நடத்தையை: அந்தத் தொழிலில் நிதானமான ஒருவர் எடுத்திருக்கும் கவனத்தை இவர் எடுத்தாரா என்பதை. கிளிநொச்சிச் சங்கமொன்றுக்கு வரும் நீரிறைக்கும் இயந்திரங்களைக் கொழும்பில் எடுத்துத்தர ஒரு முகவர் இரவு பகலாக ஓடித் திரிகிறார் என்று வையுங்கள். சுங்கப் பத்திரத்தில் பொருட் குறியீட்டைப் பிழையாகப் போட்டுவிடுகிறார். கொள்கலன் துறைமுகத்திலேயே தேங்கி டெமரேஜ் (தாமதக் கட்டணம்) ஏறுகிறது. ஊரில் ஒருவரும் அவரை அலட்சியக்காரர் என்று சொல்லமாட்டார்கள். ஆனாலும் அது கவலையீனம். 'கவலையீனமாக வாகனம் செலுத்தியமை' என்று செய்திகளில் படித்துப் பழகிய வன்னி ஆக்களுக்கு இந்தச் சொல்லை விளக்கத் தேவையில்லை. தமிழகக் காதுக்கு அது 'கவலையே இல்லாமல்' என்று கேட்குமாம். கேட்கட்டும்.

பெரிய சிக்கல் 'பொறுப்பு'. 'சேதங்களுக்கு நிறுவனம் பொறுப்பல்ல' என்று ரசீதின் பின்னால் பொடி எழுத்தில் இருக்கிறது. வெளிநாட்டிலிருந்து அனுப்பிய பெட்டி உடைந்து வந்தால், 'அவை பொறுப்பில்லையாம்' என்று ஆக்கள் பேசாமல் போய்விடுகிறார்கள். பார்த்துக்கொள்ளும் பொறுப்பு வேறு, கெட்டுப்போனால் காசு கட்டும் பொறுப்பு வேறு. அப்படி எழுதிவைத்ததாலேயே தப்பிவிடவும் முடியாது. 1997ஆம் ஆண்டின் 26ஆம் இலக்க நியாயமற்ற ஒப்பந்த நியதிகள் சட்டம் இருக்கிறது.

கடற் சட்டத்தில் இந்த வேறுபாடு இன்னும் பளிச்சென்று தெரியும். இலங்கையின் 1982ஆம் ஆண்டுக் கடல்வழிப் பொருள் ஏற்றிச்செல்லற் சட்டம் ஹேக்-விஸ்பி விதிகளை, அதாவது கப்பலில் ஏற்றும் சரக்குக்குக் கப்பற்காரர் எவ்வளவு பொறுப்பு என்று சொல்லும் சர்வதேச விதிகளை, தழுவியது. அவ்விதிகளின்படி கப்பலைச் செலுத்துவதில் கப்பித்தான் கவலையீனமாக இருந்து சரக்குக் கெட்டால், கப்பற்காரர் கட்டவேண்டியதில்லை! கவலையீனம் உண்டு, கட்டும் கடமை இல்லை. சரக்கை ஏற்றி அடுக்குவதில் கவலையீனம் என்றால் கட்டவேண்டும், ஆனால் அதற்கும் உச்சவரம்பு உண்டு: அவ்விதிகளின் 1979ஆம் ஆண்டுத் திருத்தத்தை ஏற்ற நாடுகளில் பொதியொன்றுக்கு 666.67 விசேட எடுப்பனவு உரிமை (SDR, சர்வதேச நாணய நிதியத்தின் கணக்கு அலகு), அல்லது கிலோவுக்கு 2, எது கூடவோ அது. விடுவிப்பு முகவர் கப்பற்காரர் அல்லர். இந்த வரம்பு தன்பாட்டில் அவருக்குக் கிடைத்துவிடாது. இத்தனையையும் 'பொறுப்பு' என்ற ஒற்றைச் சொல்லால் எப்படி எழுதுவது?

அக்கா ஒருவர் 'ஈட்டுப்பொறுப்பு' என்றார். அழகுதான். ஆனால் எங்கள் பக்கம் 'ஈடு' என்றால் காணியை அடகு வைப்பது. ஒப்பந்தத்தில் அதைக் கண்டால் காணி உறுதியை (பத்திரத்தை) ஒளித்துவைப்பார்கள்.

என் முன்மொழிவு 'இறுபொறுப்பு'. கடன் இறுத்தல், வரி இறுத்தல் என்கிறோம். விடை இறுத்தல் என்றும் சொல்கிறோம். காசு கட்டுவதும் பதில் சொல்வதும் ஒரே வினையில் அடங்குகின்றன. வினைத்தொகை ஆகையால் நீட்டவும் எளிது: இறுபொறுப்பு விலக்கு, இறுபொறுப்பு வரம்பு.

இனி 'கிளியரிங்', அதாவது சுங்கத்திலிருந்து சரக்கை வெளியே எடுப்பது. 'சரக்கு மீட்பு' வேண்டாம்; மூழ்கும் கப்பலிலிருந்து எடுப்பதற்கு அந்தச் சொல் தேவை. பட்டினப்பாலையில் காவிரிப்பூம்பட்டினத்துச் சுங்கத்தார் 'புலி பொறித்துப் புறம் போக்கி' அனுப்புகிறார்கள். அதைவிடப் பொருத்தமான வினை கிடையாது, ஆனால் 'புறம்போக்கு முகவர்' என்று விசிட்டிங் கார்ட் அடிக்க யார் துணிவார்? ஆகவே 'விடுவிப்பு' போதும். பொறுப்பிலிருந்து விடுவித்தலோடு குழம்பாமலிருக்க, எப்போதும் 'சரக்கு' என்ற அடையோடு எழுதுவோம்.

சங்கத்தின் ஒப்பந்தப் படிவத்தில் இவற்றையே போட எண்ணியிருக்கிறேன். 'இறு' இளையவர்களுக்கு விளங்காது என்று நினைப்பவர்கள் மாற்றுச் சொல்லோடு எழுதுங்கள்.