பல ஆண்டு வீட்டுப் பதிவுகளை நாட்குறிப்புப் படமாகத் தொகுப்பது எப்படி?

மாட்டுங்காவாசி:
2003 முதல் நான் வீடியோ கேமராவில் எடுத்துவைத்த மினி டிவி (MiniDV) டேப்புகளும், பின்னாளில் கைபேசியில் எடுத்தவையும் குவிந்து கிடக்கின்றன. அம்மா ஜன்னலோரம் வெற்றிலை மடிப்பது, மும்பை கிங்ஸ் சர்க்கிளில் தண்ணீர் தேங்கி நிற்பது, 2005 ஜூலை 26 பெருமழையை மாடியிலிருந்து எடுத்தது என எதுவும் கதை சொல்வதற்காக எடுக்கப்பட்டதல்ல. தேதி வரிசையில் கோத்தால் கல்யாண வீடியோவைப் போல ஆகிவிடுகிறது. வரிசையைக் கலைத்தால் பார்ப்பவர் எதைப் பற்றிக்கொண்டு பின்தொடர்வார்? பின்னணிக் குரல் அவசியமா?

வெட்டு ஒட்டு:
வரிசை இருக்கட்டும், முதலில் டேப்புகளைக் கணினிக்கு மாற்றிவிடுங்கள். மும்பையின் மழைக்கால ஈரத்தில் நாடாவில் பூஞ்சை பிடிக்கும். டேப்பை மாற்றத் தேவையான ஃபயர்வயர் இணைப்பு உள்ள கணினியும் அரிதாகிவிட்டது. ஒரு மணி நேர டேப்புக்குச் சுமார் 13 ஜிபி இடம் வேண்டும். கைபேசிகள் பெரும்பாலும் ஃபிரேம் வேகம் (நொடிக்கு எத்தனை படங்கள் என்பது) சீராக இல்லாமல் பதிவு செய்வதால், நீண்ட ஷாட்டுகளில் ஒலி உதட்டசைவை விட்டு நழுவும். டேப்பைப் போல நொடிக்கு 25 ஃபிரேமாக இவற்றையும் மாற்றிய பிறகே தொகுப்பு மென்பொருளின் டைம்லைனில் ஏற்றுங்கள்.

சயான் ரசிகை:
நியூயார்க்கில் வாழ்ந்த திரைப்பட இயக்குநர் ஜோனாஸ் மெகாஸ் 2000இல் வெளியிட்ட, 288 நிமிடம் ஓடும் நாட்குறிப்புப் படத்தின் தொடக்கத்திலேயே, காலவரிசையில் அடுக்கும் முயற்சியைக் கைவிட்டு, அலமாரியிலிருந்து கைக்கு வந்த வரிசையிலேயே சுருள்களை ஒட்டியதாக அவரே சொல்கிறார். ஆனாலும் படம் சிதறவில்லை. மனைவி, குழந்தைகள், நியூயார்க்கின் பருவங்கள் எனச் சிலவே திரும்பத் திரும்ப வந்து அதைக் கட்டி நிறுத்துகின்றன. உங்களிடம் மழை இருக்கிறதே! எல்லா ஆண்டுகளின் ஜூன், ஜூலைப் பதிவுகளை மட்டும் ஒன்றாக வைத்துப் பாருங்கள். வெற்றிலை மடிக்கும் அம்மாவின் கைகள் வெவ்வேறு வயதில் இடையிடையே வந்தால், திரையில் ஆண்டைப் போட வேண்டியதே இராது. கண்ணுக்குத் தெரிவதையே விளக்கும் குரல் எனக்கு உவப்பில்லை. பக்கத்து வீட்டு மராத்தித் தொடர், “கேமராவை வச்சுட்டு சாப்பிட வா” என்ற அதட்டல் போன்று டேப்பிலேயே பதிந்த ஒலியை வேறோர் ஆண்டின் காட்சியின் மேல் ஓடவிட்டுப் பாருங்கள்.

மாட்டுங்காவாசி:
மழையை மட்டும் பிரித்தெடுக்கிறேன். ஆனால் அண்ணனைப் பிரிந்துபோன அண்ணி பல ஷாட்டுகளில் வருகிறார். என்ன செய்வது?

வெட்டு ஒட்டு:
அவரைக் கேட்காமல் திரையிடாதீர்கள். அவர் வரும் பகுதிகளை மட்டும் தனியே தொகுத்து, ரஃப் கட்டுக்கு (முதல் தோராயத் தொகுப்புக்கு) முன்பே அனுப்பிக் கேளுங்கள். படம் உருப்பெற்ற பின் அவர் மறுத்தால், அந்த ஷாட்டுகளை எடுக்க உங்களுக்கே மனம் வராது.