மூன்று மணிக்கு ஆறு மேல்நோக்கி ஓடியது, ஏன்?

பெர்ஜுந்தை மகள்:
எல்லாருக்கும் வணக்கம். மலேசியாவில், சிலாங்கூர் ஆற்றோரம் உள்ள பெஸ்தாரி ஜெயாவில் இருக்கிறேன். எங்கள் வீட்டில் இன்னும் பத்தாங் பெர்ஜுந்தை என்றுதான் சொல்வோம். பௌர்ணமிக்கு மறுநாள் ஞாயிற்றுக்கிழமை, மின்மினி பார்க்க, அதே ஆற்றில் கடல் பக்கமாக உள்ள கம்போங் குவாந்தான் போனோம். சீக்கிரமே போய்விட்டதால் மூன்று மணிக்குப் படகுத்துறையில் உட்கார்ந்திருந்தோம். ஆற்றில் ஒரு தேங்காய் மட்டை மிதந்து வந்தது. கடலுக்குப் போக வேண்டியது, எங்கள் ஊர்ப் பக்கம் போனது! மகன் ஏன் என்று கேட்டான், எனக்குச் சொல்லத் தெரியவில்லை. இன்னொன்று: தாத்தா இருந்த ஆற்றோரத் தோட்டத்தில் மழையே இல்லாத நாளில் லயத்து (தொழிலாளர் வரிசை வீட்டு) வாசல்வரை தண்ணீர் வந்ததாம். அம்மா அடிக்கடி சொல்வார். இரண்டுக்கும் சம்பந்தம் உண்டா?

ஜெராம்காரன்:
பாசாங் நேரம் அக்கா, கடல் ஏற்றத்தை இங்கே அப்படித்தான் சொல்வோம். கடல் ஏறினால் ஆறு திரும்பும். மீன் பிடிக்கிறவர்கள் அதைப் பார்த்துத்தான் படகு எடுப்பார்கள்.

பண்டு மேட்டு வீடு:
தங்கச்சி, உங்கள் மகன் பார்த்தது சரிதான். சிலாங்கூர் ஆறு பிரேசர் மலைப் பக்கம் பிறந்து, கோலகுபு பாரு வழியாக இறங்கி, ஏறக்குறைய 110 கிலோமீட்டர் ஓடி, கோலசிலாங்கூரில் மலாக்கா நீரிணையில் சேர்கிறது. மேலே விறுவிறுவென்று வரும் ஆறு, நம் பக்கம் தரை தட்டையானதும் வளைந்து வளைந்து மெதுவாகிவிடும். சரிவே இல்லாத இடத்தில் கடல் ஏறும்போது ஆற்றுத் தண்ணீருக்குப் போக வழி ஏது?

நம் கடலில் ஒரு நாளைக்கு இரண்டு ஏற்றம், இரண்டு வற்றம். தினமும் ஏறக்குறைய 50 நிமிடம் தள்ளிப் போகும். பௌர்ணமி, அமாவாசையை ஒட்டி, சாயங்காலம் ஆறு ஏழு மணிக்கு இங்கே தண்ணீர் முழுசாக ஏறி நிற்கும். மூன்று மணி, ஏறுகிற நேரம். ஒரு வாரம் கழித்து அதே மூன்று மணிக்குப் போங்கள், மட்டை கடலுக்குப் போகும்.

தாத்தா தோட்டத்துக் கதைக்கு வருகிறேன். என் அப்பாவும் ஆற்றோரத் தோட்டத்தில் வாட்டர் கேட்டை, அதாவது மதகை, பார்த்துக்கொண்டவர். செம்பனை (எண்ணெய்ப்பனை) காட்டுக் கால்வாய்த் தண்ணீர், பண்டுக்கு (ஆற்றோர மண்கரைக்கு) அடியில் பதித்த குழாய் வழியாக ஆற்றில் விழும். குழாயின் ஆற்றுப்பக்க வாயில் ஓர் இரும்பு மூடி, மேலே கீல் போட்டுத் தொங்கும். ஆறு வற்றியிருந்தால் உள்தண்ணீரே மூடியைத் தள்ளிக்கொண்டு வெளியே போகும். ஆறு ஏறினால் ஆற்றுத் தண்ணீர் அதை அழுத்திச் சாத்திவிடும். 'டொக்' என்று ஒரு சத்தம், அப்புறம் விளிம்பைச் சுற்றிக் குமிழிகள். சின்ன வயதில் அந்தச் சத்தத்துக்காகவே அப்பாவோடு போவேன்.

இடுக்கில் ஒரு செம்பனை மட்டை மாட்டினால் போதும், மூடி நாலு விரல் திறந்தே நிற்கும். வெயில் அடிக்கிற நாளிலும் ஆற்றுத் தண்ணீர் உள்ளே வந்துவிடும். உங்கள் தாத்தா வாசலில் வந்தது இப்படித்தான் இருக்க வேண்டும். அப்பா வற்றம் பார்த்து, நடுராத்திரி ஆனாலும் டார்ச் எடுத்துக்கொண்டு போய், முட்டிவரை சேற்றில் இறங்கி மட்டையை இழுத்துப் போடுவார்.

மழையும் பெரிய பாசாங்கும் ஒன்றாக வந்தால்தான் உண்மையான ஆபத்து. மூடி சாத்தியே இருக்கும், உள்தண்ணீர் போக இடமே இருக்காது.

ஜெராம்காரன்:
அப்படியென்றால் கம்போங் குவாந்தானில் தண்ணீர் உப்பா?

பண்டு மேட்டு வீடு:
லேசாக. உப்புத்தண்ணீர் கனமானது, அடியில் நுழைந்து வரும். மரங்களைப் பார்த்தாலே தெரியும். கழிமுகத்தில் அப்பி-அப்பி, பாக்காவ் என்ற உப்புநீர் அலையாத்தி மரங்கள். மேலே வரவர நீப்பா என்ற பனை வகை, பெரெம்பாங் என்ற ஆற்றோர மரம். மின்மினி கூடுவது பெரெம்பாங்கில்தான். அதன் புழு கரையோர ஈரமண்ணில் நத்தை தின்று வளர்கிறது. கரைவரை வெட்டிச் செம்பனை நட்டால் புழுவுக்கு இடமில்லை.

எனக்குப் பெரிய கவலை ஒன்று உண்டு. சிலாங்கூர், கோலாலம்பூர் குழாய்களில் வருவதில் பாதிக்கு மேல் இந்த ஆற்றுத் தண்ணீர்தான். மேலே எடுத்தது போக, வறட்சியில் கீழே போதுமான நல்ல தண்ணீர் வராவிட்டால் உப்பு மேலேறும். பெரெம்பாங் அதிக உப்பு தாங்காது. நம் வீட்டுக் குழாய்க்கும் அந்த மரத்துக்கும் ஒரே தண்ணீர்தான் என்பதைப் பிள்ளைகளுக்குச் சொல்லுங்கள்.

பெர்ஜுந்தை மகள்:
ரொம்ப நன்றி அண்ணே. அம்மாவிடம் படித்துக் காட்டினேன், மட்டை கதையைக் கேட்டுக் கொஞ்ச நேரம் பேசவே இல்லை. மகன் வருகிற ஞாயிறுக்குத் தேங்காய் மட்டை இரண்டு எடுத்து வைத்துவிட்டான்.