லால்குடியின் உச்சம் எது: பக்கவாத்தியமா, தனி வாசிப்பா?

சுருதிப்பெட்டி:
வயலின் மேதை லால்குடி ஜெயராமன் என்றாலே தனிக்கச்சேரிகளைத்தான் கொண்டாடுகிறோம். எனக்கு அதில் உடன்பாடில்லை. மற்றவர்களுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து வாசித்த காலம்தான் அவருடைய உச்சம். 1930இல் பிறந்தவர், 12 வயதிலேயே மேடையேறிவிட்டார். அரியக்குடி, செம்பை, ஜி.என்.பி., மதுரை மணி ஐயர், ஆலத்தூர் சகோதரர்கள் என்று அவர் பக்கம் வாசித்த பெரிய பாடகர்களின் வரிசையைப் பாருங்கள். ஜி.என்.பி.யின் பிருகாவை, அதாவது மின்னல் வேக ஸ்வரக்கோவையை, துரத்திப் பிடிக்க வேண்டும். ஒரே வரியைத் தாளத்தோடு விரிக்கும் ஆலத்தூராரின் பல்லவியில் கணக்கு இம்மி பிசகக்கூடாது. தாளத்தின் இயல்பான ஓட்டத்தோடு போகும் மணி ஐயரின் சர்வலகு ஸ்வரத்துக்கோ கணக்கே தெரியாமல் மிதக்க வேண்டும். எல்லாவற்றையும் ஒரே கை செய்தது. தனியாக வாசிக்கும்போது அவர் அவராக மட்டும்தானே இருந்தார்?

வர்ணப்பித்து:
அவராக இருந்தது ஒரு குறையா சார்? பாடகர் தோடி ராகத்தை 20 நிமிடம் பாடுவார். வயலினுக்கு ஐந்தாறு நிமிடம் கிடைக்கும். அதற்குள் பாடகர் போன வழியிலேயே போய்த் திரும்ப வேண்டும். மிஞ்சி வாசித்தால் மரியாதைக் குறைவு. எந்த ராகம், எந்தக் கீர்த்தனை, எவ்வளவு நேரம், எதுவுமே வயலின்காரர் கையில் இல்லை. இத்தனை கற்பனை உள்ளவரை அந்த ஐந்து நிமிடத்துக்குள் பூட்டி வைக்கலாமா? 1966இல் ரமணியின் குழலையும் வெங்கட்ராமனின் வீணையையும் சேர்த்துக்கொண்டு வயலின், வேணு, வீணை கச்சேரி தொடங்கினாரே, பூட்டை உடைத்தது அதுதான். வாய்ப்பாட்டே இல்லாமல் ஒரு முழுக் கச்சேரியை நிறுத்திக் காட்டுவது சின்ன வேலையா?

சுருதிப்பெட்டி:
நீங்கள் பூட்டு என்பதை நான் வரப்பு என்பேன். வரப்பு இருந்தால்தானே வயலில் தண்ணீர் நிற்கும். பழைய ஒலிப்பதிவு ஒன்றை இரவு நேரத்தில் ஹெட்போன் மாட்டிக்கொண்டு கேளுங்கள். பாடகர் ராகத்தை விரிக்கும் ஆலாபனையில் ஒரு பிடியை முடித்து மூச்சு வாங்கும் இடத்தில், அந்தக் கார்வையை, அவர் நீட்டி நிறுத்திய ஸ்வரத்தை, வயலின் ஏந்திக்கொள்ளும். குரல் எங்கே நின்றது, வில் எங்கே தொடங்கியது என்று ஒரு கணம் பிரித்தறிய முடியாது. அந்த ஒரு கணத்துக்கு ஈடாக எந்த மூன்று மணி நேரத் தனிக்கச்சேரியையும் நான் ஏற்கமாட்டேன்.

சரளிவரிசை:
நான் வயலின் மாணவி. நீங்கள் இருவரும் கேட்பவர்களாகப் பேசுகிறீர்கள், நான் வாசித்துப் பார்த்துச் சொல்கிறேன். அவர் வயலின் பாடுகிறது என்கிறோமே, அது எப்படி நடக்கிறது தெரியுமா? சாகித்தியத்தில், அதாவது பாட்டின் வரிகளில், எழுத்து விழும் இடத்தில் வில் திரும்ப வேண்டும். எழுத்து நீளும் இடத்தில் திரும்பவே கூடாது. இடது கை விரல் மட்டும் கம்பியில் வழுக்கிக்கொண்டே கமகத்தை, அதாவது ஸ்வரத்தின் அசைவை, காட்ட வேண்டும். ஒரு வரி இப்படி அமைய எனக்கு ஒரு வாரம் ஆகிறது. சாகித்தியம் நாவில் ஊறாதவருக்கு இது வரவே வராது. தகப்பனார் கோபால ஐயர் சொல்லிக்கொடுத்த பாடமும், பெரிய பாடகர்களின் மூச்சைக் கவனித்தபடி உட்கார்ந்திருந்த ஆண்டுகளும் சேர்ந்துதான் அது அமைந்திருக்கும். அந்த வகையில் நான் சுருதிப்பெட்டி சார் பக்கம்.

வர்ணப்பித்து:
வேர் அங்கே இருந்தது என்பதை நானும் ஒத்துக்கொள்கிறேன் அம்மா. காய்த்தது எங்கே என்பதுதான் என் கேள்வி. சாருகேசி ராகத்தில் அவர் இயற்றிய ‘இன்னும் என் மனம்’ வர்ணத்தைக் கேட்டிருப்பீர்கள். தாளச் சொற்கட்டுகளால் ஆன மோகனகல்யாணித் தில்லானா? பரதநாட்டிய அரங்கேற்றங்களில் எத்தனை லால்குடி தில்லானாவோடு நிறைவடைகின்றன! மேடை நடுவில் உட்கார்ந்து தன் இசையைத் தானே முழுசாக யோசித்தவரிடமிருந்துதான் இவையெல்லாம் வரும்.

சுருதிப்பெட்டி:
தில்லானாக்களை நான் எங்கே குறைத்துச் சொன்னேன்? அவை பாட்டு இயற்றிய வாக்கேயக்காரர் லால்குடியின் சொத்து. நான் பேசுவது வில் பிடித்த லால்குடியைப் பற்றி. அவர் குடும்பம் தியாகராஜரின் சீடர் ராமய்யர் வழி வந்தது. தியாகராஜர் லால்குடி ஊருக்கே வந்து அந்த ஊர்க் கோயில் சுவாமி மேலும் அம்பாள் மேலும் ஐந்து கீர்த்தனைகள் பாடியிருக்கிறார். பாட்டை முன்னால் விட்டு அதன் பின்னால் போவது அந்த வீட்டுப் பழக்கம். பக்கவாத்தியத்தில் அது முழுதாகத் தெரிந்தது என்கிறேன்.

சரளிவரிசை:
அந்த ஐந்தில் பைரவி ராகத்து ‘லலிதே’தான் இப்போது எனக்குப் பாடம் சார். இரண்டு இடத்தில் வில் எங்கே திரும்ப வேண்டும் என்று பிடிபடவே இல்லை. அவர் பாடகர் ஒருவரோடு பைரவி வாசித்த பதிவு உங்களிடமும், தனியாக வாசித்தது வர்ணப்பித்து சாரிடமும் இருந்தால் சொல்லுங்கள். இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்து வில்லை மட்டும் கவனித்துக் கேட்க வேண்டும்.