சயாம் ரயில் போட்டவர்களை நேரில் பார்த்தவர்கள் எழுதுங்கள்
(இரண்டாம் உலகப்போரில் ஜப்பானியர் சயாமுக்கும், அதாவது இன்றைய தாய்லாந்துக்கும், பர்மாவுக்கும் இடையே போட்ட பாதை. வேலை செய்தவர்கள் போர்க்கைதிகளும், மலாயாத் தோட்டங்களிலிருந்து போன தமிழர் முதலான ஆசியக் கூலிகளும்.)

மலையோரம்:
ஹெல்ஃபயர் பாஸ், அந்தப் பாதைக்காகத் தாய்லாந்தில் மலைப்பாறையை வெட்டிய இடம். அங்குள்ள அருங்காட்சியகம் 1998-இல் திறந்து கொஞ்ச நாளில் போயிருந்தேன். கீழே பாறை வெட்டுக்குள் ஓர் ஆஸ்திரேலியக் கிழவர், அங்கேயே போர்க்கைதியாக வேலை பார்த்தவர், பேரனிடம் எஃகுக் கம்பியைப் பிடிக்கச் சொல்லிக் காட்டிக்கொண்டிருந்தார். ஒருவன் பிடிக்க, ஒருவன் சுத்தியலால் அடிக்க, ஒவ்வோர் அடிக்கும் கம்பியைக் கொஞ்சம் திருப்ப வேண்டும். வெடி வைக்கும் குழி அப்படித்தான் இறங்கும். சுவரில் அந்தத் துளைகள் இன்னும் இருக்கின்றன.

என்னைப் பார்த்ததும் “தமிழா?” என்றார். தங்கள் முகாமில் தினமும் பெயர் கூப்பிட்டுக் கணக்கு எடுப்பார்களாம், செத்தவர் பெயரை அதிகாரிகள் ஒளித்தாவது எழுதி வைப்பார்களாம். “உங்கள் ஆட்கள் பெயரை யார் எழுதினார்கள்?” அவ்வளவுதான் கேட்டார். இருபது வருஷத்துக்கு மேல் ஆகிறது, அந்தக் கேள்வி விடுவதாக இல்லை.

கித்தாக்காடு:
என் தாத்தா தோட்டத்திலிருந்து போனவர். மண் சுமந்ததை மட்டும் சொல்வார். தலையணை உறையின் நான்கு மூலையையும் இரண்டு கழியில் கட்டி, ஒரு முனையை என்னிடம் கொடுத்து வீட்டுக்குள் நடக்க வைப்பார். அரிசிச் சாக்கில் அப்படித்தான் மண் தூக்கினார்களாம். சிரித்துக்கொண்டேதான் காட்டுவார். வாந்திபேதி வந்த கொட்டகையைப் பற்றிக் கேட்டால் எழுந்து போய்விடுவார்.

பழையபாலம்:
மலையோரம், அந்தக் கிழவர் கேட்டது சரி, ஆனால் கோபம் அந்தக் கைதிகள்மேல் போகக் கூடாது. டாம் மோரிஸ் என்ற முன்னாள் கைதி எண்பதுகளில் திரும்பி வந்து, காடு மூடிக் கிடந்த அந்த இடத்தைக் காப்பாற்றச் சொல்லி அரசாங்கத்திடம் மன்றாடாவிட்டால் நீங்கள் பார்த்த சுவரே இருந்திருக்காது. நம் பக்கம் அப்படி யார் மன்றாடினார்கள்?

நான் பார்த்தவர் வேறு மாதிரி. காஞ்சனபுரி பாலத்தில் ஒரு ஜப்பானியப் பெரியவர், ரயில்வே படைப்பிரிவில் இருந்தவராம். வளைந்த வளைவுகள் போர்க்காலத்தவை, நேராக இருக்கும் இரண்டும் குண்டு விழுந்ததால் பிறகு மாற்றியவை என்று விரல் நீட்டிச் சொன்னார். 415 கிலோமீட்டர், ஒரு வருஷத்தை ஒட்டி முடித்தோம் என்றபோது அவர் முகத்தில் பெருமை! பக்கத்திலேயே, பாதை போடும்போது செத்தவர்களுக்காக 1944-இல் அவர்கள் படையே கட்டிய நினைவுத்தூண். அங்கே தமிழிலும் எழுதியிருக்கிறது. அதைக் காட்டினேன். தலை குனிந்து கும்பிட்டுவிட்டு மறுபடி பாலத்தைப் பற்றியே பேசினார். எனக்கு இன்றும் அவர்மேல் கோபப்படுவதா வேண்டாமா என்று தெரியவில்லை.

மலையோரம்:
நான் கோபம் என்று எங்கே எழுதினேன்? மறுபடி படியுங்கள். போர்க்கைதிகள் 60,000-க்கு மேல், செத்தவர் ஏறக்குறைய 12,000. அந்தக் கல்லறைகளில் பெயர் இருக்கிறது. ஆசியக் கூலிகள் எத்தனை பேர் செத்தார்கள் என்பதற்கு மதிப்பீடு மட்டும்தான், 90,000 வரை சொல்கிறார்கள். நான் சொன்னது அந்த வித்தியாசத்தை.

சிலாங்கூர்வாசி:
என் கதை சின்னது. பக்கத்து வீட்டுத் தாத்தா சயாமுக்குப் போனவர், கடைசி வரை மூங்கில் குருத்துக் கறியைத் தொடமாட்டார். ஏன் என்று யாரும் கேட்கவில்லை.

இதைப் படிப்பவர்களுக்கு ஒன்று. போனவர்கள் அநேகமாக யாரும் இன்று இல்லை. பிள்ளைகள் இருக்கிறார்கள், அவர்களிடம் கேளுங்கள். “எப்படி இருந்தது” என்று கேட்டால் “கஷ்டம்தான்” என்பதோடு முடிந்துவிடும். எந்தத் தோட்டம், கூட்டிப்போனது கங்காணியா சிப்பாயா, சயாம் பக்கத்துத் தொடக்க நிலையமான பான்போங்கில் இறங்கி எத்தனை நாள் நடந்தார்கள், யார் கூடத் திரும்பினார்கள் என்று கேளுங்கள். ஊர்ப் பெயரைத் திருத்தாதீர்கள், அவர்கள் வாயில் வருகிறபடியே எழுதிக்கொண்டு அப்புறம் வரைபடத்தில் தேடலாம். திரும்பி வராதவர் பெயரைத் தனியாகக் குறியுங்கள், அப்பா பெயரோடு. பதிவு செய்ய கைப்பேசி போதும். பாட்டிகளை விட்டுவிடாதீர்கள், ஆம்பிளைகள் போன பிறகு தோட்டத்தில் என்ன நடந்தது என்பது அவர்களுக்குத்தான் தெரியும்.

அப்புறம், எல்லோரும் சயாம் பக்கத்தையே எழுதுகிறீர்கள். இரண்டு முனையிலிருந்தும் போட்டு 1943 அக்டோபரில் கொன்கொய்தாவில் சேர்த்த பாதை இது. பர்மா முனையான தான்பியூசயாட் பக்கம் வேலை பார்த்தவரைத் தெரிந்தவர் யாராவது இருந்தால் எழுதுங்கள்.